இரண்டாம் பாகத்துத் தாய்

ரெய்னர்ஸ் லேன், லண்டன்,
17 மார்ச் 1996

அன்பு மகள் அஞ்சலீனா அறிய,

ஆண்டவர் உன்னையும் மாப்பிள்ளை சேகரையும் சுகமாக வைத்திருக்கிறார் என்று நம்பிக்கொண்டு எழுதுகிறேன். உன்னிடமிருந்து கடிதம் வராதபடியால் நம்பத்தான் முடியும். கிறிஸ்மஸுக்கு வந்த அட்டையில் உன் கையெழுத்து மட்டும் இருந்தது. வாழ்த்தை அச்சடித்தவன் எழுதியிருந்தான். கொன்வென்டில் படித்தவளுக்கு இரண்டு வரி எழுத நேரமில்லை என்றால், டொரொன்டோவில் பகல் அவ்வளவு குறைவோ?

இங்கே குளிர் இன்னும் விடவில்லை. உன் அண்ணன் யாக்கோப்பு பெற்றோல் ஸ்டேஷனில் ஷிப்ட் மாறி மாறிச் செய்கிறான். மருமகள் ராஜி மதியத்தோடு வேலை முடிந்து வந்துவிடுவாள். அவளும் நானும்தான் பேச்சுத்துணை.

தவக்காலத்தில் நான் படம் பார்ப்பதில்லை. ஆண்டவருடைய பாடுகளின் படம் மட்டும் பார்க்கலாமென்று ஸ்டேஷனடி வீடியோக் கடைப் பாஸ்கரனிடம் கேட்டிருந்தேன். "அன்ரி, புதுக் கொப்பி, கண்ணாடி மாதிரிக் கிளியர்" என்று தந்தான். பெட்டியில் முள்முடி. உள்ளே இருந்த கசற்றில், முழங்கால்வரை தோல் கோட்டுப் போட்ட கறுப்பினத் துப்பறிகிறவன் ஒருவன்! எழுபதுகளில் அமெரிக்காவில் கறுப்பர்களை நாயகர்களாக வைத்துச் சொற்பக் காசில் எடுத்த கள்ளர் துப்பாக்கிப் படம். அதுவும் இரண்டாம் பாகம். நிறுத்து என்று ராஜியிடம் சொன்னேன். பிறகு, சரி, இந்தச் சண்டை முடியட்டும் என்றேன்.

மகள், அவ்வளவு பிழைபட்ட படத்தை நான் கண்டதில்லை. ஆள் விழுந்த பிறகுதான் வெடிச்சத்தம் கேட்கிறது. நொறுங்கிய கார்க் கண்ணாடி அடுத்த சந்தியில் முழுசாக வருகிறது. பேசுகிறவர்களின் தலைக்கு மேலே மைக் வௌவால் போலத் தொங்குகிறது. துறைமுகத்தில் செத்த மொட்டைத்தலையன், வங்கியில் தொப்பி போட்டுக்கொண்டு இன்னொரு தரம் சாகிறான். "மாமி, இவனுக்கு ரெண்டு சம்பளமோ?" என்று ராஜி கேட்டாள். நாயகன் பேசிய ஆங்கிலத்தை உங்கள் கொன்வென்ட் மதர் பெர்னதெத் கேட்டிருந்தால் பிரம்பை எடுத்திருப்பா.

ஆனால் அவன் நடக்கிற நடை! தெருவில் போகிற சனமெல்லாம் கமராவைத் திரும்பிப் பார்க்கிறது, அவன் பார்க்கவில்லை. போதைத்தூள் விற்கிறவனிடம், நாளைக்கு இந்தத் தெருவில் நீ இருக்கக்கூடாது என்கிறான். மறுநாள் சொன்னபடி வந்து நிற்கிறான். காசில்லாதவர்கள் வெட்கப்படாமல் எடுத்த படம். எனக்குப் பிடித்துவிட்டது, பாவசங்கீர்த்தனத்தில் சொல்லுமளவுக்குப் பிடித்தது.

ராஜி முதற்பாகத்தையும் எடுத்துவந்தாள். அப்போதுதான் தெரிந்தது. அதில் அவன் தாய் நெட்டை, மெலிவு, மூக்குக்கண்ணாடி. இரண்டாம் பாகத்தில் தாய் கட்டை, பருமன்; அவள் சாய்ந்து உட்காருகிற கதிரை மட்டும் அதே கதிரை. முதலில் நடித்தவள் கூடச் சம்பளம் கேட்டிருப்பாள் போலும். அவன் ஒரு கணமும் தயங்காமல் புதியவளைக் கட்டிப்பிடித்து அம்மா என்கிறான். ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. "தாயை மாத்திப்போட்டினம் மாமி, கதிரையை மாத்தேல்ல!" என்று ராஜி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன்.

சிரித்து முடிந்ததும், தன் தாய் தவநாயகிக்கு விசா கிடைத்துவிட்டது என்றாள். ஈஸ்டர் முடிய வருகிறா. போன வருடம் யாழ்ப்பாணத்துச் சனத்தோடு சனமாக நடந்து வெளியேறி, இப்போது கொழும்பில் ஒரு லொட்ஜில் கிடக்கிற மனுசி. வரத்தான் வேண்டும். மகள் வீட்டுக்கு வராமல் வேறு எங்கே போவது? ஆனால் இந்த வீட்டில் மிஞ்சிய அறை ஒன்றுதான். அதில் நான் இருக்கிறேன்.

அன்று மாலை யாக்கோப்பு ஒரு விளம்பரத் தாளை என் முன் விரித்தான். "அம்மா, குறை நினையாதேங்கோ. சட்டனிலை வயசானாக்களுக்கு ஒரு வீடு இருக்கு. தனி அறை. மணி அடிச்சா ஆள் வரும்" என்றான். லண்டனின் மறுகரை. அவன் என் முகத்தைப் பார்க்காமல் தாளைப் பார்த்துச் சொன்னான்.

பெண்ணைப் பெற்றவர்கள் கடைசிக்காலத்தில் பெண்ணோடு இருப்பது எங்கள் ஊர் முறை. அதனால்தான் சுண்டிக்குளி வீட்டை உனக்குச் சீதனமாகத் தந்தோம். பின்னறை எங்களுக்கு என்பது பேச்சு. அதை வீட்டு உறுதிப் பத்திரத்தில் எழுதுவது மரியாதையில்லை என்றார் உன் அப்பா. அவர் போனபின் நீ வீட்டை விற்றுக் கனடாவுக்குப் போனாய். நான் மகனிடம் வந்தேன். நான் ஒன்றும் கேட்கவில்லை. இப்போதும் கேட்கவில்லை.

ஆனால் அந்தத் தாளைக் கண்டதும் என் வாயில் ஒரு சொல் வந்துவிட்டது. "உது எனக்குத் தேவையில்லைத் தம்பி. அஞ்சலீனா என்னை எப்பவோ வரச்சொல்லிப்போட்டாள். நான்தான் போகேல்லை" என்றேன். அவன் முகத்தில் வந்த ஆறுதலை நீ பார்த்திருக்க வேண்டும். "உண்மையோ அம்மா? அவள் எனக்கு ஒண்டும் சொல்லேல்லையே" என்றான். ராஜி எழுந்து போய்த் தேத்தண்ணி போட்டாள்.

குருத்தோலை ஞாயிறு, பூசை முடிந்து வந்ததும் அவன் உன்னோடு தொலைபேசியில் பேசுவான். உனக்கு விடிகிற நேரம். அம்மாவைக் கூப்பிட்டாயா என்று கேட்பான். ஓம் என்று சொல்லு. எப்போது என்றால், போன வருடம் என்று சொல்லு. யோசித்துச் சொல்லாதே, ராஜியும் பக்கத்தில் நிற்பாள்.

பயப்படாதே, நான் வரமாட்டேன். கனடா எனக்கு ஒத்துவராது என்று இரண்டு கிழமை கழித்து நானே சொல்லி, சட்டனுக்குப் போகிறேன் என்று நானே கேட்பேன். போக்கிடம் இருந்தும் போகாதவளாக நான் அங்கே போக வேண்டும். அவ்வளவுதான்.

ஆண்டவர் உன் வீட்டை நிறைவாக வைத்திருக்கட்டும். அதில் எத்தனை அறை என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. சேகருக்கு என் ஆசீர். அந்த ஞாயிறு வெளியே போய்விடாதே, பிள்ளை.

உன்னைப் பெற்ற
மேரி பிலோமினா