என் ஓட்டு ப்ரூயிட்டுக்கு

1846 ஜூன் 9, செவ்வாய்

மழை. நீதிபதியோடு ஊர் ஊராகப் போகும் வக்கீல்கள் எட்டுப் பேர். விடுதியில் கட்டில் நாலு. வழக்கம்போல எனக்கும் ப்ரூயிட்டுக்கும் ஒன்று. பகலெல்லாம் எதிரெதிரே நின்று கத்திவிட்டு ஒரே போர்வைக்கு இழுபறி. ஆகஸ்டில் சட்டசபைத் தேர்தலிலும் நாங்கள்தான் எதிரெதிர் வேட்பாளர்கள். ஆனாலும் நல்லவன். என் ஈரக் காலணியை அடுப்பருகே எடுத்து வைத்தவன் அவன்தான்.

நான் நிற்பது மூன்றாம் முறை. போன வாரம் என் மனைவி கெசையா கோட்டுக்குப் பொத்தான் தைத்துக்கொண்டே சொன்னாள்: "இதுவும் தோத்தா அந்த ஆசைய மூட்டை கட்டிடணுங்க." சரியென்று வாக்குக் கொடுத்துவிட்டேன். ஜெயிக்க வேண்டும். இவ்வளவு ஆசைப்படுவது எனக்கே வெட்கமாக இருக்கிறது.

ஜூன் 16

எங்கள் ஊரில் நீதிமன்றம். சைலஸ் வூட்டன் பன்றி திருடினான் என்று ஏசா காரிக் போட்ட வழக்கு. வூட்டன் அவருடைய நிலத்தில் குத்தகைக்கு உழுகிறவன். காரிக் கண்ணசைத்தால் சுகர் க்ரீக்கில் முப்பது ஓட்டு விழும். அதனால் ஒரு வக்கீலும் வூட்டன் பக்கம் வரவில்லை. நான் ஏன் போனேன்? அவன் கேட்டான், அவ்வளவுதான்.

காட்டில் மேயும் பன்றிக்குக் காதுவெட்டுதானே அடையாளம். காரிக் வீட்டு அடையாளம் வலது காதில் ஒரு கீறல். பன்றியை நீதிமன்றத்துக்குள்ளேயே இழுத்து வரச் சொன்னேன். கீறல் இருந்தது. ஆனால் கத்தி இப்படியா வெட்டும்? கோணல்மாணலாக, ஓரத்தில் பல் பதிந்த தழும்போடு -- நாய்க்கடி. இடது காதில் வூட்டனின் வெட்டு பளிச்சென்று இருந்தது. விடுதலை. பன்றி நீதிபதியின் தொப்பியைத் தின்னப் பார்த்தது.

காரிக் வாசலில் வழிமறித்தார். "கெட்டிக்காரர்தான், ஹாஸ்கெட் வக்கீலய்யா. ஆகஸ்ட்ல பாத்துக்கலாம்."

ஜூலை 4

சுதந்திர தின விருந்து. ப்ரூயிட் மரக்கட்டைமேல் ஏறி நின்று தேர்தல் பேச்சில் என்னை ஒரு மணி நேரம் திட்டினான். இறங்கி வந்து என் தட்டிலிருந்த கோழிக்காலை எடுத்துக்கொண்டான்.

ஆகஸ்ட் 3, திங்கள்

காலையிலேயே போய் முதல் ஓட்டைப் போட்டேன். இங்கே ஓட்டை வாய்விட்டுச் சொல்ல வேண்டும், குமாஸ்தா எழுதிக்கொள்வார். அவர் பேரேட்டைப் பிரித்து, "யாருக்கு?" என்றார். "ப்ரூயிட்டுக்கு" என்று எல்லாரும் கேட்கச் சொன்னேன். வேட்பாளர் எதிராளிக்கு ஓட்டுப் போடுவதுதான் எங்கள் பக்கத்து மரியாதை. தன் பெயரைத் தானே கூவுகிறவனை யார் மதிப்பார்கள்? ப்ரூயிட்டும் ஆற்றுக்கு அப்பால் ஒரு ஓட்டுச்சாவடியில் என் பெயரைச் சொல்வான்.

பத்து மணிக்கு சுகர் க்ரீக் ஆட்கள் காரிக்கோடு குதிரைகளில் வந்தார்கள். ஒவ்வொருவராக ப்ரூயிட், ப்ரூயிட். காரிக் குமாஸ்தாவின் பக்கத்தில் நின்று ஒவ்வொரு வாயாகப் பார்த்துக்கொண்டிருந்தார். வூட்டன் முறை வந்தது. தொப்பியைக் கசக்கிக்கொண்டு என்னவோ முணுமுணுத்தான்.

"சத்தமா சொல்லுப்பா" என்றார் குமாஸ்தா.

"லெமுவேல் ஹாஸ்கெட்டுக்கு!"

கட்டியிருந்த குதிரைகள்கூடத் திரும்பிப் பார்த்தன. காரிக், "ராத்திரிக்குள்ள வீட்டைக் காலி பண்ணிடு" என்றார். வூட்டன், "சரிங்கய்யா. மறுபடி கேட்டாலும் இதேதான் சொல்லுவேன்" என்றான். யார் எனக்காக இப்படி நின்றிருக்கிறார்கள்?

வூட்டன், அவன் மனைவி, பிள்ளைகள், அந்தப் பன்றி -- எல்லாரும் இப்போது எங்கள் கொட்டகையில்.

ஆகஸ்ட் 6

ப்ரூயிட் 412. நான் 411.

ஒன்று. ஐயோ, ஒன்றே ஒன்று! நான் என் பெயரைச் சொல்லியிருந்தால்...

மத்தியானம் ப்ரூயிட் சேறும் சகதியுமாக வந்தான். "குதிரை நொண்டிருச்சு, லெம். சாவடி சாத்துனப்புறம்தான் போய்ச் சேந்தேன். உனக்குப் போட்டிருந்தா சமமாயிருக்கும். இந்தப் பதவி எனக்கு வேணாம்யா. மறுதேர்தல் கேக்குறேன்."

அவன் கண் கலங்கியிருந்தது. வேண்டாமென்று சொல்லிச் சாப்பிட உட்காரவைத்தேன். கெசையா சோளரொட்டியை வைத்தபடி, "இவரத் தோக்கடிக்க வேற ஆளு எதுக்கு, இவரே போதுமே" என்றாள். பிறகு சிரிக்க ஆரம்பித்து அழுதுவிட்டாள். எனக்கும் அழுகை வந்தது. ஆனால் 411 பேர்! என் பெயரை ஊர் கேட்கச் சொன்ன 411 பேர். நன்றி, ஆண்டவரே. கொஞ்சம் வலிக்கிறது, ஆனாலும் நன்றி.

அக்டோபர் 14

காரிக் வந்தார். குதிரையிலிருந்து இறங்கவே நேரமெடுத்துக்கொண்டார். எல்லைத் தகராறில் சொந்தத் தம்பியே அவர்மேல் வழக்குப் போட்டிருக்கிறான்.

"ஊர்ல வேற வக்கீல் இல்லையா?" என்றேன்.

"இருக்காங்க. ஆனா ஜெயிக்கிற ஓட்ட எதிராளிக்குக் குடுத்துட்டு வாயத் திறக்காம இருக்குற ஆளு இல்லையே. என் பத்திரத்த வேற யார நம்பிக் குடுக்குறது?"

ஒரு நிபந்தனை சொன்னேன். வூட்டனுக்குப் பழைய வீடும் நிலமும் திரும்ப வேண்டும். அடுத்த தேர்தலில் அவன் யார் பெயரைச் சொன்னாலும் சரி.

காரிக் கொட்டகைப் பக்கம் திரும்பினார்.

"அந்தப் பன்னியுமா?"

"அதுவும்தான்."

தொப்பியைச் சரிசெய்துகொண்டு கொட்டகையை நோக்கித் தானே நடந்தார். "சைலஸ்!" என்று கூப்பிட்டது எனக்கு இங்கே கேட்டது.