துணை நடிகை என்று சொல்லிவிட்டேன்

நவம்பர் 14, வெள்ளி

இன்று வாயைக் கொஞ்சம் அடக்கியிருக்கலாம்.

இங்கே ஜெர்மனியில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் ஒரு பிரெஞ்சு அம்மா இருக்கிறார். மடாம் என்றுதான் கூப்பிடுவோம். இளமையில் கறுப்பு வெள்ளைப் படங்களில் நடித்தவர். வேலைக்காரி, வாயாடிப் பக்கத்து வீட்டுக்காரி, கன்னியாஸ்திரி. ஒரு படத்தை ஃபோனில் காட்டினார். கதாநாயகி அழும்போது இவர் பின்னால் கதவைச் சாத்துகிறார், அவ்வளவுதான். எனக்கு அந்தக் கதவுதான் நினைவில் நிற்கிறது.

புதிதாகச் சேர்ந்த வசந்தி அக்காவை இன்று அவரது அறைக்குக் கூட்டிப்போனேன். சுவரில் மாட்டியிருந்த அவரது பழைய சினிமாப் புகைப்படத்தைப் பார்த்து, "இவ பெரிய நடிகையோ?" என்று கேட்டார்.

"இல்லை அக்கா, துணை நடிகை."

"ஓ... பேப்பரிலை வாற துணை நடிகையளோ?" என்று கண்ணைச் சிமிட்டினார். விபசார வழக்குச் செய்திகளில் அந்தச் சொல் வருவது எனக்கும் தெரியும். குணச்சித்திர நடிகை என்று நல்ல சொல் இருக்கிறது. அதைச் சொல்லித் திருத்தாமல் நானும் சேர்ந்து சிரித்தேன்.

என்ன சிரிப்பு என்று மடாம் ஜெர்மன் மொழியில் கேட்டார். படம் வடிவாக இருக்கிறதாம் என்று பொய் சொன்னேன்.

அந்தப் புகைப்படத்தில் வேலைக்காரியாகத் தட்டோடு நிற்கும் தன்னைத் தொட்டுக் காட்டினார். "கதையிலை வாற முதலாளிமார் என்னைப் பற்றிக் கதைச்சுச் சிரிப்பினம். ஒண்டும் விளங்காத மாதிரி நான் நிக்கவேணும். அந்த முகத்துக்காகத்தான் என்னைத் திருப்பித் திருப்பிக் கூப்பிட்டவை."

பிறகு என் கையிலிருந்த தேநீரை வாங்கி நன்றி சொன்னார்.

அதே முகம்.