காலிங்பெல் கிருமிகள்

மதுரை
11 மார்ச் 2025

அன்புள்ள பவா,

சுகமாக இருக்கிறேன் என்று எழுதினால் பொய்யாகிவிடும். உயிரோடு இருக்கிறேன், கோபமாக இருக்கிறேன், நோன்பும் வைத்திருக்கிறேன். போனில் எழுதினால் பாதி படித்துவிட்டு "சரிடீ" என்று அனுப்பிவிடுவாய். அதனால்தான் தெர்மகோல் பெட்டிக்குள் தட்டுகளோடு இந்தக் கடிதத்தையும் வைத்திருக்கிறேன்.

காஜிமார் தெருவில் நாங்கள் வாடகைக்கு இருக்கும் வீட்டை, வீட்டுக்காரரின் பிள்ளைகள் பாகம் பிரித்து இடிக்கப் போகிறார்கள். பெருநாளுக்குள் காலி செய்ய வேண்டும். நான் வேலை பார்க்கும் ரத்தப் பரிசோதனை லேப் திருப்பரங்குன்றம் போகிற வழியில் இருப்பதால், அந்தப் பக்கத்துப் புது நகர்களில் வீடு தேடினேன். காலிங்பெல்லை அழுத்துவேன். கதவு திறக்கும். சிரிப்பார்கள், வாடகை சொல்வார்கள், குழாயைத் திறந்து தண்ணீர் வருவதைக் கூடக் காட்டுவார்கள். அப்புறம் பேர் கேட்பார்கள். சுஃபியா என்றதும் அந்த வீட்டுக்குத் திடீரென்று ஊரிலிருந்து ஒரு தம்பி வந்துவிடுவான், அல்லது ஏற்கெனவே யாரோ அட்வான்ஸ் கொடுத்திருப்பார்கள்.

முதல் சில வீடுகளுக்குப் பிறகு பையில் பஞ்சுக்குச்சி எடுத்துப்போக ஆரம்பித்தேன். திரும்பும்போது அந்தக் காலிங்பெல்லை ஒரு துடைப்பு. அவர்கள் விரலும் என் விரலும் பட்ட இடம். வீட்டுக்கு வந்து கடல்பாசியை எலும்புச் சூப்பில் காய்ச்சி, குக்கரில் விசில் விட்டு, கிருமி வளர்க்கும் லேப் தட்டில் ஊற்றி ஆறவைத்தேன். அதன்மேல் அதே பஞ்சுக்குச்சியால், அந்த வீட்டில் மறுத்தபோது என்னிடம் சொன்ன வார்த்தையை எழுதினேன். எழுதும்போது ஒன்றும் தெரியாது. இரண்டு நாளில் கிருமிகள் வளர்ந்து, எழுத்து தானாக எழுந்து வரும். மஞ்சளில் "சொல்லி அனுப்புறோம்". ரோஜா நிறத்தில் "நீங்க சைவமா?" வெள்ளையில் "எங்களுக்கு ஒண்ணுமில்ல, ஓனருக்குத்தான்". சைவ வீட்டுக் கிருமிகளும் எலும்புச் சூப்பில் நன்றாகத்தான் வளர்கின்றன.

உங்கள் கண்காட்சிக்கு உயிருள்ளது ஏதாவது செய்து தா என்று கேட்டாயே, இதுதான். மூடிகளைச் சுற்றி டேப் ஒட்டியிருக்கிறேன். யாரும் திறக்கக் கூடாது. ஒவ்வொரு தட்டிலும் தெருப் பெயர் இருக்கிறது. அது இல்லாமல் தட்டு இல்லை.

ஒரு தட்டு மட்டும் கெட்டுப்போனது. நோன்பு திறக்க அம்மா காய்ச்சி வைத்திருந்த கடல்பாசியை என்னுடையது என்று நினைத்து ஊற்றிவிட்டேன். பாலும் சீனியும் ரோஸ் எசன்சும் போட்ட பாசி. பூஞ்சைக்கு விருந்து. நான் எழுதியதை மூடி, மழைமேகம் போல எழும்பி நிற்கிறது. அதையும் அனுப்புகிறேன். அதில் மட்டும் தெருப் பெயர் ஒட்டவில்லை. எழுத உட்கார்ந்தேன், கை வரவில்லை.

கிருமிக்குத் தன் குக்கரைக் கொடுத்த பாவத்தை நான்தான் சுமக்க வேண்டும் என்று அம்மா உனக்குச் சொல்லச் சொன்னாள்.

உன்,
சுஃபியா


சென்னை
16 மார்ச் 2025

ஏ சுஃபி,

பெட்டி பத்திரமாக வந்தது. ஒரு தட்டும் உடையவில்லை. கடிதத்தை முதலில் படித்தேன், சத்தியமாக முழுசாக.

தட்டுகளை வெள்ளை மேசையில் வரிசையாக வைத்ததும் அலுவலகமே வந்து நின்றுவிட்டது. "சொல்லி அனுப்புறோம்" தட்டைப் பார்த்து எங்கள் கணக்காளர் சட்டென்று திரும்பிப் போய்விட்டார். அவர் என்ன சாதியோ, எத்தனை வீடு ஏறி இறங்கினாரோ.

காட்சிக்கூட இயக்குநர் கூப்பிட்டார். வேலை அருமை, தெருப் பெயர்களை மட்டும் எடுத்துவிடலாம் என்றார். வக்கீல் பயப்படுகிறாராம். பார்வையாளர் மனம் புண்படுமாம். வீடு கிடைக்காமல் அலைந்தவளின் மனம் எங்கே புண்பட வேண்டும் என்று கேட்டேன். கதவு எண் இல்லை, ஆள் பெயர் இல்லை, தெருதான் இருக்கிறது, அந்தத் தெருக்காரர்களே நின்று யோசிக்கட்டும், பெயர் போனால் என் வேலையும் போகட்டும் என்றேன். இரண்டு நாள் முகம் கொடுக்கவில்லை. நேற்றுச் சம்மதித்துவிட்டார். நம் கல்லூரி லேபில் தட்டு கழுவமாட்டோம் என்று நின்றோமே, அதே திமிரை இன்னும் வைத்திருக்கிறேன், பார்.

சுவரொட்டிக்கு அந்த மேகத் தட்டைத் தேர்ந்தெடுத்திருக்கிறேன். என்ன அழகு. ஒரு வார்த்தையும் இல்லாமல் எல்லாவற்றையும் சொல்கிறது. அச்சுக்குக்கூடக் கொடுத்தாகிவிட்டது. அதன் தெருவை எழுதி அனுப்பு, தட்டுக்குக் கீழே வைக்கிற சீட்டு தயார் செய்ய வேண்டும்.

அப்புறம், நீ சரியான பைத்தியம். ஊரெல்லாம் அலைவதற்கு முன் எங்கள் வீட்டுக்குப் போயிருக்கலாமே. பின்போர்ஷன் சும்மாதான் கிடக்கிறது. நான் சொன்னேன் என்று அப்பாவிடம் கேள். கல்லூரிக் காலத்தில் ஒவ்வொரு நோன்புக்கும் உன் அம்மா கொடுத்துவிட்ட கடல்பாசியை எங்கள் வீட்டில் அதிகம் தின்றவர் அவர்தான்.

உன் அம்மாவுக்குப் புதுக் குக்கர் நான் வாங்கித் தருகிறேன்.

முத்தங்களுடன்,
பவா


மதுரை
20 மார்ச் 2025

பவா,

தெருப் பெயர்களுக்காக நீ சண்டை போட்டதைப் படித்துவிட்டு அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். சந்தோஷப்பட்டாள். உங்கள் வீடு வரும் பத்தியை மட்டும் அவளுக்கு வாசிக்கவில்லை.

நீ சொல்வதற்கு முன்பே அங்கே போயிருந்தேன். மற்ற வீடுகள் எல்லாம் முடிந்த பிறகு, இங்கே கட்டாயம் கிடைக்கும் என்ற தைரியத்தில் கடைசியாகப் போனேன். கேட்டில் பலகை தொங்கியது: "வீடு வாடகைக்கு. சைவம் மட்டும்." எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை தலைக்கறி வாங்க உன் அப்பா நல்லகாமன் மாமா விடியுமுன்னே வரிசையில் நிற்பது அந்த நகருக்கே தெரியுமே.

"வாத்தா சுஃபியா" என்று வாய் நிறையக் கூப்பிட்டார். உன் அம்மா காப்பி கொண்டு வந்தார்கள். நோன்புப் பிள்ளைக்குக் காப்பி நீட்டுறியே, கூறு இருக்கா என்று அவரே அதட்டித் திருப்பி அனுப்பினார். அவ்வளவு ஞாபகம், அவ்வளவு பாசம். நான் போர்ஷனைக் கேட்டேன். அவர் கேட்டைப் பார்த்தார். பிறகு சொன்னார்:

"நீ நம்ம பிள்ளைத்தா. உனக்கு இல்லேன்னு சொல்ல எனக்கு நாக்கு வருமா? தெருவுக்குள்ள ஒரு பேச்சு வச்சிருக்காய்ங்க. நான் ஒருத்தன் மீறுனா நாளைக்கு அம்புட்டுப் பேரும் என் வாசல்லதான் நிப்பாய்ங்க."

மற்றவர்கள் பொய் சொன்னார்கள். உன் அப்பா சொல்லவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. கிளம்பும்போது மரத்திலிருந்து முருங்கைக்காய் பறித்து, அம்மாவுக்குக் குடு என்று கையில் திணித்தார். வாங்கிக்கொண்டேன். கேட்டுக்கு வெளியே வந்து பஞ்சுக்குச்சியை எடுத்தேன். அவசரமாகத் துடைத்ததில் குச்சி அழுந்தி மணி அடித்துவிட்டது. "யாரு?" என்று உள்ளேயிருந்து கேட்டார். நான் பதில் சொல்லவில்லை.

நீ சுவரொட்டியில் போட்ட மேகத்துக்கு அடியில் இருப்பது "நீ நம்ம பிள்ளைத்தா". நோன்பு திறக்கிற அவசரத்தில், அழுதுகொண்டே ஊற்றியதால்தான் பாத்திரம் மாறிப்போனது. அதில் ஒரு வார்த்தையும் இல்லை என்று நீ ரசித்தாயே, பவா. வார்த்தை இருக்கிறது. உங்களால் படிக்க முடியவில்லை.

தெரு: பொன்மலர் நகர், முதல் தெரு. சீட்டில் எழுதிவிடு.

சுஃபியா


சென்னை
24 மார்ச் 2025

சுஃபி,

உன் கடிதத்தைப் படித்து இரண்டு நாள் சாப்பிடவில்லை. பெட்டி அனுப்பும்போதே ஏன் சொல்லவில்லை? நான் இயக்குநரிடம் கத்தியபோது என் தெருவுக்காகவும் கத்துகிறேன் என்று எனக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

அப்பாவிடம் பேசினேன். முதலில் அப்படி ஒன்றும் நடக்கவில்லை என்றார். பிறகு போனை அம்மாவிடம் கொடுத்துவிட்டார். மறுநாள் அவரே கூப்பிட்டார். "பின்போர்ஷனை அந்தப் பிள்ளைக்கே குடுத்துருவோம்த்தா. தெருக்காரய்ங்கள நான் பேசிக்கிறேன். அந்தத் தட்டுல மட்டும் நம்ம தெருப் பேரு வேணாம்னு சொல்லு" என்றார். பெருநாளுக்கு முன்பே நீங்கள் குடி வந்துவிடலாம். பலகையையும் கழற்றிவிடுவாராம்.

யோசித்துப் பார். மற்றத் தட்டுகள் எல்லாம் தெருப் பெயரோடு இருக்கும். மேகம் மட்டும் பெயர் இல்லாமல் இருக்கட்டும். அதுவே ஒரு அழகுதானே. இந்த வயதில் அப்பா தெருவை எதிர்த்து வாய் திறக்கிறேன் என்கிறார். ஒரு சீட்டைவிட அது பெரிதில்லையா? நீ கேட்டதே வீடுதானே?

உன் அம்மாவுக்கும் போன் செய்து சொல்லிவிட்டேன். அல்லாஹ் காப்பாற்றினான் என்றார்கள்.

கோபிக்காமல் எழுது.

பவா


மேலூர் ரோடு, மதுரை
30 மார்ச் 2025

பவதாரிணிக்கு,

என்னிடம் கேட்காமல் என் அம்மாவுக்குப் போன் செய்தது தப்பு. நான் வேலையிலிருந்து வந்து பார்க்கும்போது அவள் பாத்திரங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டிருந்தாள். பொன்மலர் நகரில் தண்ணீர் தித்திப்பாக இருக்கும் என்றாள். அவளிடம் பேரத்தைச் சொன்னேன். நீ அதைச் சொல்லாமல் விட்டிருந்தாய்.

அன்றைக்கு எங்களுக்குள் பெரிய சண்டை. உனக்கு வீடு வேணுமா, தட்டு வேணுமா என்று கேட்டாள். நான் அழுதுகொண்டே கத்தினேன். பாங்கு சொல்லும்வரை அவள் சாக்கைக் கட்டிக்கொண்டே இருந்தாள். நோன்பு திறந்து ஒரு மடக்குத் தண்ணீர் குடித்துவிட்டு, "அப்ப அங்க போனா, மூச்சு விடுறதுக்குக் கூட நல்லகாமனுக்கு நன்றி சொல்லணுமாக்கும்" என்றாள். அதற்குப் பிறகு அவள் அந்த வீட்டுப் பேச்சை எடுக்கவில்லை. கட்டின சாக்கு மட்டும் வேறு இடத்துக்கு வந்திருக்கிறது.

மேலூர் ரோட்டில், ஊர் முடிகிற இடத்தில் ஒச்சாயி என்று ஒரு அம்மாவின் வீடு. கிரானைட் லாரி போகும்போதெல்லாம் வாசலில் வெள்ளைத் தூசி படிகிறது. லேபுக்கு இரண்டு பஸ் மாற வேண்டும். தண்ணீர் லாரியில்தான் வரும். அந்த அம்மா பேர் கேட்டது, சொன்னேன். "தண்ணிய அளந்து புழங்குவீகளா?" என்றது. புழங்குவோம் என்றேன். சாவியைக் கொடுத்துவிட்டது. இந்த வீட்டில் காலிங்பெல் கிடையாது, துடைப்பதற்கு.

இப்போது தட்டு. உன் அப்பா தெருவை எதிர்க்கவில்லை, பவா. தெருவுக்குத் தெரியாமல் என்னை வாங்கப் பார்க்கிறார். வாடகை கொடுத்து இருக்கிற வீடு எனக்கு உரிமை. வாயை மூடினால் கிடைக்கிற வீடு பிச்சை. "சொல்லி அனுப்புறோம்" என்றவனின் தெருவைச் சுவரில் மாட்டிவிட்டு, நம்ம பிள்ளை என்றவரின் தெருவை மறைத்தால், நான் செய்தது கலையல்ல, சொந்தக் கணக்குத் தீர்ப்பது. முன்பின் தெரியாதவர்கள் தெருவுக்காக நீ வேலையை விடத் தயாராக இருந்தாய். உன் தெரு வந்ததும் அது அழகாகிவிட்டது.

எல்லாத் தட்டும் தெருவோடு வைப்பதென்றால் வை. இல்லையென்றால் ஒன்றையும் வைக்காதே. குப்பையில் போடாதே, அவை உயிரோடு இருக்கின்றன. குக்கரில் வைத்து நன்றாக விசில் விட்டு, வெந்த பிறகு வெளியே கொட்டு. குக்கரில் முதலில் மேகத்தை வை.

நாளை பெருநாள். இந்த வருஷம் உங்கள் வீட்டுக்குக் கடல்பாசி வராது.

சுஃபியா


திருப்பரங்குன்றம்
17 ஏப்ரல் 2025

சுஃபியா,

நீ திறப்பு விழாவுக்கு வரவில்லை. வருவாய் என்று நான் நினைக்கவுமில்லை.

எல்லாத் தட்டும் வைத்தேன். மேகத்துக்குக் கீழே பொன்மலர் நகர், முதல் தெரு என்று எழுதி, "இது என் வீடு" என்று போட்டு, என் பெயரையும் எழுதினேன். சுவரொட்டிகள் ஏற்கெனவே அச்சாகிவிட்டன. ஒவ்வொன்றின் அடியிலும் தெருப் பெயரை மார்க்கரால் கையாலேயே எழுதினேன். கண்காட்சி முடிந்ததும் வேறு வேலை பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டார் இயக்குநர்.

மூன்றாம் நாள் அப்பா வந்து நின்றார். யாரிடமும் சொல்லாமல் வைகை எக்ஸ்பிரஸ் ஏறியிருக்கிறார். வெள்ளை வேட்டியோடு ஒவ்வொரு தட்டாகக் குனிந்து, எழுத்துக் கூட்டி வாசித்தார். "நீங்க சைவமா" தட்டில் சிரிக்கக்கூடச் செய்தார். மேகத்துக்கு வந்ததும் வெகு நேரம் பார்த்தார்.

"இதுல ஒண்ணும் எழுதலயேத்தா" என்றார். முகத்தில் அப்படி ஒரு நிம்மதி.

சுற்றி ஆட்கள் நின்றார்கள். நான் சத்தமாகத்தான் சொன்னேன். "எழுதியிருக்குப்பா. நீ நம்ம பிள்ளைத்தான்னு எழுதியிருக்கு. நீங்க சொன்னதுதான்." அவர் சீட்டைப் படித்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். அன்றிலிருந்து என்னோடு பேசவில்லை. நானும் கூப்பிடவில்லை.

உன்னிடம் மன்னிப்புக் கேட்க இதை எழுதவில்லை. நீ தரமாட்டாய், தரவும் வேண்டாம்.

இன்று காலை ஊருக்கு வந்தேன். பலகை இன்னும் தொங்குகிறது. என் பையில் வீட்டுச் சாவி இருந்தது. எடுக்கவில்லை. வெளியாள் மாதிரி காலிங்பெல்லை அழுத்தினேன். "யாரு?" என்று உள்ளேயிருந்து அப்பா கேட்டார். நான் பதில் சொல்லவில்லை. பஞ்சுக்குச்சியால் மணியைத் துடைத்துச் சோதனைக் குழாயில் போட்டு மூடிக்கொண்டு திரும்பிவிட்டேன். எதிரே டீக்கடையில் உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். கேட்டருகே வந்து தெருவை இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு அவர் உள்ளே போனது இங்கிருந்து தெரிந்தது.

குழாயை இந்தக் கடிதத்தோடு வைத்திருக்கிறேன். இந்தத் தடவை அவர் விரலோடு என் விரலும் இருக்கிறது. எழுத வேண்டிய வார்த்தை உனக்குத் தெரியும், மேகம் மூடியதுதான். கண்காட்சி மே மாதம் முழுக்க இருக்கிறது. சுவரில் இடம் விட்டிருக்கிறேன்.

சீனி போடாமல் காய்ச்சு. எல்லோரும் படிக்கட்டும்.

பவதாரிணி