தரையை அடிக்கும் கரடி

ஜனவரி 9

கார்ட்டூன்காரருக்கு,

நலம். நான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அக்கா வீட்டுக்கு வந்து ஒரு வருஷமாகிறது. இதுவரை நீங்களும் எழுதவில்லை, நானும் எழுதவில்லை. இப்போது எழுத வைத்தது உங்கள் கரடி.

அக்கா பிள்ளைகள் பிடித்த பிடியில் நேற்று உங்கள் படத்துக்குப் போனேன். கரடி பனிச்சறுக்குக் கற்றுக்கொள்கிறது. சறுக்குக் கட்டையில் ஏறுகிறது, விழுகிறது, மறுபடி ஏறுகிறது. தியேட்டரே உருண்டு சிரித்தது. நான் சிரிக்கவில்லை.

எழுந்திருக்கும் முன் நாக்கை ஓரமாகக் கடிக்கிறதே, அது யாருடைய பழக்கம்? இரண்டு கம்பையும் ஊன்றிவிட்டு இடது காலை மட்டும் தாமதமாக இழுக்கிறதே? ரயில் படியிலிருந்து விழுந்து இடுப்பை உடைத்துக்கொண்டவள் நான். ஊன்றுகோல் பிடித்து நடை பழகியவளும் நான். அதை வைத்தா ஊரைச் சிரிக்க வைத்தீர்கள்? ரயிலில் டிக்கெட் பரிசோதித்துப் பழகிய கண் இது. மழுப்பாமல் பதில் போடுங்கள்.

இப்படிக்கு,
உங்களோடு இல்லாதவள்

ஜனவரி 14

என் பிடிவாதத்துக்கு,

உன் கையெழுத்தைப் பார்த்ததில் சந்தோஷம், பயம் இரண்டும்.

கரடி நீ இல்லை. எங்கள் மேஜை ஒவ்வொன்றிலும் கண்ணாடி இருப்பது உனக்குத் தெரியும். எங்கள் மூஞ்சியைப் பார்த்துத்தான் வரைவோம். கட்டையை மாட்டிக்கொண்டு ஸ்டுடியோ நடைபாதையில் நானே விழுந்து பார்த்தேன். பக்கத்து மேஜைக்காரர் சிரித்த சிரிப்பில் சாயக் கிண்ணம் கவிழ்ந்தது. வீணாகச் சந்தேகப்படாதே.

குளிரில் இடுப்பு வலிக்கிறதா? உன் கோப்பையை யாரும் தொடவில்லை. தொட இங்கே வேறு யார் இருக்கிறார்கள்.

உன்,
கார்ட்டூன்காரன்

ஜனவரி 20

கண்ணாடி பார்த்து வரைந்தவருக்கு,

"அந்த மனுஷன்தான் இல்லைன்னு சொல்றாரே, விட்டுத் தொலையேன்டி" என்கிறாள் அக்கா. விட முடியவில்லை. நேற்று தனியாகப் போய் மறுபடி பார்த்தேன்.

நீங்கள் விழுந்தால், யாராவது பார்த்தார்களா என்றுதான் சுற்றிப் பார்ப்பீர்கள். கரடி தரையை ஓங்கி ஓர் அடி அடிக்கிறது. பிறகு அதே இடத்தைத் தடவிக் கொடுக்கிறது. அது நான் செய்வது. யாரும் இல்லாதபோது மட்டும் செய்வது. "நான் தடுமாறுறதை நீங்க பார்க்கக் கூடாது, கிளம்புங்க" என்று காலையில் உங்களை அனுப்பிவிட்டுத்தான் ஊன்றுகோலையே எடுப்பேன்.

அந்த நாட்களில்தான் நீங்கள் காலையில் ஸ்டுடியோவுக்கு வருவதே இல்லை என்று உங்கள் மேலாளர் போனில் சொன்னார். எங்கே போகிறீர்கள் என்று கேட்டேன். வாயே திறக்கவில்லை. எவளோ ஒருத்தி இருக்கிறாள் என்று பெட்டியைக் கட்டினேன்.

மறுபடி கேட்கிறேன். எங்கே இருந்தீர்கள்?

ஜனவரி 25

பிடிவாதமே,

சமையலறைக் கதவுக்குப் பின்னால்.

வாசல் கதவைச் சத்தமாகச் சாத்திவிட்டு, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு பின்பக்கமாக வந்துவிடுவேன். "இன்னொரு தடவை அடிபட்டா எலும்பு கூடுறது கஷ்டம்" என்று டாக்டர் என்னிடம் சொல்லியிருந்தார். உன்னால் எழ முடியாமல் போனால் ஓடி வரத்தான் நின்றேன். ஒவ்வொரு முறையும் நீயே எழுந்தாய்.

பார்த்தேன் என்று சொல்லியிருந்தால் நீ ஊன்றுகோலை வீசி எறிந்துவிட்டுப் படுத்திருப்பாய். அதனால் சொல்லவில்லை. வீட்டை விட்டுப் போன அன்று நீ ஊன்றுகோல் இல்லாமல் படி இறங்கினாய். அதைப் பார்த்த பிறகு உன்னைத் தடுக்க எனக்கு வாய் வரவில்லை.

கரடி விழும்போது சிரித்தவர்கள் அது எழுந்தபோது என்ன செய்தார்கள் என்று கவனித்தாயா?

உன்,
கார்ட்டூன்காரன்

பிப்ரவரி 2

ஒளிந்து நின்றவருக்கு,

கை தட்டினார்கள். முதல் நாளே நானும் தட்டினேன். எழுத மனம் வரவில்லை.

கோபம் இன்னும் போகவில்லை. அந்த ஒருத்தி நான்தான் என்று தெரிந்ததும் அக்கா சிரித்தாள். நான் அழுதேன்.

ஞாயிறு மாலை ரயிலில் வருகிறேன். அழைத்துப்போக வர வேண்டாம், நானே நடந்து வருவேன். எப்படியும் ஏதாவது ஒரு தூணுக்குப் பின்னால் நிற்பீர்கள், தெரியும். நில்லுங்கள். ஆனால் இந்தத் தடவை எனக்குத் தெரிகிற மாதிரி நில்லுங்கள்.

உங்கள்,
பிடிவாதம்