ஐயப்பனுக்கு நான் கூட்டிய ஒரு வயது

14 மார்ச் 1951, பூதப்பாண்டி

திருவிதாங்கூர் அஞ்சல் இம்மாதத்தோடு முடிகிறது. ஏப்ரல் ஒன்று முதல் இந்திய தபால் இலாகா. எங்கள் இலாகாவே இல்லாமல் போகும். ஆனால் அதில் வேலை பார்த்தவர்களின் சர்வீஸ் ஒரு நாள்கூட அறுபடாது என்று சர்க்குலரில் கண்டிருக்கிறது. மூன்று தடவை வாசித்தேன். எங்கேயோ டில்லியில் உட்கார்ந்திருக்கும் ஒருவர், இங்கே முத்திரை குத்தும் என்னை, இந்தச் சுந்தர்சிங்கையும் நினைத்து எழுதியிருக்கிறாரே என்று மலைப்பாயிருந்தது.

திருவிதாங்கூர் வழக்கப்படி கொல்லம் ஆண்டில் இருக்கும் பிறந்த தேதி, சேர்ந்த தேதி எல்லாவற்றையும் இங்கிலீஷ் வருஷத்துக்கு மாற்றிப் பெயர்ப் பட்டியலாக ஜாபிதா அனுப்பவேண்டுமாம். இரண்டு தாலுகாவுக்கும் சேர்த்து முப்பத்தெட்டுப் பேர். அஞ்சல் மாஸ்டர் பொன்னுலிங்கம் பிள்ளை அதை என் தலையில் கட்டிவிட்டார். என்ன பெரிய காரியம்? கொல்லம் ஆண்டோடு 824 கூட்டவேண்டும், அவ்வளவுதானே.

16 மார்ச்

முடித்தாயிற்று. ஓர் அடித்தல் திருத்தல் இல்லை. வீட்டில் மனைவி ராகேலிடம் நகலைக் காட்டினேன். கையெழுத்து அழகாயிருக்கிறதாம்.

1 ஏப்ரல், ஞாயிறு

ஆராதனையில் மனம் நிற்கவில்லை. நேற்றுவரை திருவிதாங்கூர்ச் சங்கு முத்திரை, நாளை வேறு முத்திரை. படுத்து எழுந்தோம், எஜமானர் மாறிவிட்டார், நாங்கள் அதே ஆட்கள். இப்படியும் நடக்குமா?

19 ஏப்ரல்

அஞ்சலோட்டக்காரர் ஐயப்பன் நாகர்கோவிலிலிருந்து பையைக் கொண்டுவந்தார். மணி கட்டிய கம்பைச் சாத்திவிட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். நான் பையைத் திறந்தேன். மேலேயே கிடந்தது அவருக்கான உத்தரவு. மே இரண்டாம் தேதி அறுபது நிறைகிறது, அன்றோடு ஓய்வு. தன்னை வீட்டுக்கு அனுப்பும் காகிதத்தை ஏழு மைல் தானே சுமந்து வந்திருக்கிறார்.

ஓடத் தொடங்கி இருபத்திரண்டு வருஷம். ஆனால் நிரந்தரமாக்கியது கொல்லம் 1117 கார்த்திகையில், அதாவது 1941 கடைசியில்தான். அதிலிருந்து பத்து வருஷம் நிறைந்தால்தான் பென்ஷன். ஏழு மாதம் குறைகிறது.

வாசித்துச் சொன்னேன். "அப்பம் அறுவது ஆயிட்டா?" என்று மட்டும் கேட்டார்.

20 ஏப்ரல்

காலையில் சுவர்க் காலண்டரைப் பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டேன். இன்று கொல்லம் 1126 சித்திரை. 824 கூட்டினால் 1950 வருகிறது. நடப்பதோ 1951.

கொல்லம் ஆண்டு பிறப்பது ஆவணியில். ஆவணி முதல் டிசம்பர் வரைதான் 824. ஜனவரி பிறந்துவிட்டால் 825. இங்கே பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரியும். எனக்கும் தெரியும். தெரிஞ்சுமா இப்படிச் செய்தேன்— ஐயப்பன் பிறந்தது 1067 சித்திரை. அது 1892. நான் எழுதியது 1891. ஒரு மனுசனுக்கு ஒரு வயசைக் கூட்டிப்போட்டேனே. நிரந்தரமானது கார்த்திகை ஆனதால் அந்தத் தேதி மட்டும் சரியாயிருக்கிறது.

நகலை எடுத்து எண்ணினேன். இருபத்துமூன்று பேருக்கு இதே தப்பு. உடனே வெளியே போகிறவர் ஐயப்பன் ஒருவர்தான். மற்றவர்களுக்கு முறை வரும்.

21 ஏப்ரல்

பொன்னுலிங்கம் பிள்ளையிடம் சொன்னேன். முகம் வெளுத்துவிட்டது. ஜாபிதாவில் அவர் கையெழுத்தும் உண்டே. "புது இலாகாவுல வந்து மூணு வாரம் ஆகல்ல. ஆறு மாசம் பொறு மக்கா. இப்பம் தலைய நீட்டினா உனக்க வேலைதான் போவும்" என்றார். ஆறு மாதம் கழித்து ஐயப்பன் எங்கே இருப்பார்?

ஐயப்பனிடமும் சொன்னேன். திட்டுவார் என்று காத்திருந்தேன். அவர் என்னைத் தேற்றினார். "சர்க்கார் எழுதினது தப்பாவுமா சாறே? எனக்கு அறுவதாத்தான் இருக்கும். முட்டும் இப்பம் வலிக்கத்தான் செய்யி."

என் பேனா எழுதியதை நம்பி அந்த மனிதர் தன் முழங்காலில் சாட்சி தேடுகிறார். எழுத்துக்கு இவ்வளவு பலமா? இந்தப் பேனாவைத் தொடவே பயமாயிருக்கிறது.

23 ஏப்ரல்

ராகேல் கேட்டாள்: "மேலிடத்துக்கு எழுதப்போறியளா, இல்ல டயரியிலயே எழுதிட்டிருக்கப் போறியளா?"

24 ஏப்ரல்

எழுதினேன். இருபத்துமூன்று பெயரும் போட்டு, தவறு முழுவதும் என்னுடையது என்று. இந்தத் தடவை இரண்டு இடத்தில் அடித்தல்.

2 மே

பதில் இல்லை. ஐயப்பன் கடைசிப் பையை இறக்கினார். மணி சத்தம் போடாமல் கையால் பொத்திக்கொண்டு கம்பை மூலையில் வைத்தார். வெளியே போய், ஆபீஸ் கட்டிடத்தைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு நடந்தார். எனக்கு வேலை ஓடவில்லை.

9 ஜூன்

நாகர்கோவிலுக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். வேலை போயிற்று என்றே நினைத்துப் போனேன். அதிகாரி மதராஸ்காரர். வருஷம் ஆவணியில் பிறக்கும் என்பதே அவருக்குப் புதிதாயிருந்தது. என்னை உட்காரச் சொல்லி, காகிதம் எடுத்து, இருபத்துமூன்றையும் தானே போட்டுப் பார்த்தார். அரைமணி நேரம். பிறகு சொன்னார்: "நாம மாத்தி எழுதின தேதிதான் தப்பு. அவர் பிறந்த தேதி மாறலையே."

இவ்வளவு எளிதாக ஒருவர் சொல்லிவிட்டாரே என்று பஸ் ஏறும்வரை பிரமிப்பு அடங்கவில்லை.

2 ஜூலை

உத்தரவு வந்தது. இருபத்துமூன்று பேருக்கும் திருத்தம். ஐயப்பன் மறுபடி சேரலாம்; இடைப்பட்ட நாட்கள் விடுப்பு, சர்வீஸ் முறிவில்லை. எனக்கு ஊதிய உயர்வு ஆறு மாதம் நிறுத்தம். இரண்டும் ஒரே தாளில். மடித்து எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்கு நானே போனேன்.

வாசித்துச் சொன்னதும் தாளை வாங்கித் திருப்பிப் பார்த்தார். பிறகு, "அப்பம் எனக்க வயசு எத்தன சாறே?" என்றார். ஐம்பத்தொன்பது என்றேன். "ஏட்டி, எனக்கு அம்பத்தொம்பதுதானாம்" என்று உள்ளே பார்த்துச் சொன்னார். அவர் மனைவி தாணம்மாள் சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டாள்.

4 டிசம்பர்

கொல்லம் 1127 கார்த்திகை 18. ஐயப்பனுக்குப் பத்து வருஷம் நிறைந்தது, இனிப் பென்ஷன் உண்டு. இன்று பை ஒன்றரை மணி நேரம் தாமதம். இருபத்திரண்டு வருஷத்தில் இதுதான் முதல் தடவையாம். ஏழு மைலிலும் தெரிந்தவர்களைக் கண்ட இடமெல்லாம் நின்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். பதிவேட்டில் தாமதத்துக்குக் காரணம் எழுதும் இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன்.