அண்ணனின் ஸ்வெட்டர்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம் என்று தொடங்கத்தான் பேனாவை எடுத்தேன், கை வரவில்லை. நீ சுகமாக இருக்க வேண்டும். அது ஒன்றுதான் இப்போது என் கவலை.

காலையிலிருந்து உன் போனுக்கு அடிக்கிறேன். அப்படி ஒரு எண்ணே இல்லை என்கிறது. பக்கத்து வீட்டுத் தையல்காரம்மாவிடம் போய், என் மகள் உன்னிடம் பேசினாளா என்று கேட்டேன். என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "உங்களுக்கு ஏதுக்கா பொண்ணு? ஒரே பையன்தானே?" என்றாள். உனக்குப் பள்ளிச் சீருடை தைத்துக் கொடுத்தவள்! கன்னத்தில் ஒன்று விடலாமா என்றிருந்தது. அவளைக் குற்றம் சொல்லி என்ன செய்ய?

எல்லாம் உன் அப்பா செய்த வேலை. நானும் கூடவே நின்றேன். அப்பா முடிச்சுப் போடும் நூலறைக்குள் உன்னை விட்டதே இல்லை, அதனால் விவரமாகவே எழுதுகிறேன். நடந்துபோன ஒன்றை மாற்ற வேண்டும் என்று யாராவது வந்தால், அவர்கள் வாழ்க்கையில் நடந்ததையெல்லாம் அப்பா ஈர நூலில் வரிசையாக முடிச்சுப் போடுவார். வேண்டாத முடிச்சை மட்டும் பிரிப்பார். ஒன்றைப் பிரித்தால் அதைத் தொட்டு நடந்ததெல்லாம் சேர்ந்து அவிழும். அதில் யாரும் காணாமல் போய்விடாமல் இருக்க, அவரவர் உடுத்திய துணியை நூலின் மேல் வைத்துக் கல்லை ஏற்றுவோம். பிரித்தவருக்குப் பழையது மறந்துவிடும். நுனியைப் பிடித்திருப்பவருக்கு மறக்காது. நுனி எப்போதும் என் கையில்தான்.

ஊரார் கால் முறிவையும் கல்யாணச் சண்டையையும் சரி செய்துகொண்டு சிவனே என்று இருந்திருக்கலாம். மனிதருக்கு ஆசை விடவில்லை. உன் அண்ணன் மொட்டை மாடியிலிருந்து விழுந்த அன்று கதவைத் தாழ்போடாமல் விட்டது அவர்தான். இத்தனை வருஷத்தில் அதை வாய் திறந்து சொன்னதில்லை. நேற்று அந்த முடிச்சைத்தான் பிரித்தார். வேண்டாம் என்று நானும் அழுத்திச் சொல்லவில்லை. பெற்ற வயிறு, வேறென்ன சொல்ல.

உன்னை மறந்துவிட்டுச் செய்தார் என்று நினைக்காதே. ஒரு பிள்ளை போதும் என்றிருந்த நாங்கள், அவன் போனபின் வீடு வெறிச்சென்று கிடந்ததால்தான் உன்னைப் பெற்றோம். சண்டை வரும்போதெல்லாம் நீயே அதைச் சொல்லிக் காட்டுவாயே. அது தெரிந்துதான் முதலில் உன்னைப் பத்திரப்படுத்தப் பார்த்தார். வேலைக்குப் போகும்போது நீ துணிமணி எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போய்விட்டாய். பெட்டியில் இருந்தது சின்ன வயதில் நீ கழற்றவே மாட்டேன் என்று அடம் பிடித்த பச்சை ஸ்வெட்டர் மட்டும். அதை வைத்து, இருப்பதிலேயே பெரிய கல்லை ஏற்றினார். அது முதலில் அண்ணன் போட்டது என்பது எங்கள் இரண்டு பேருக்குமே உறைக்கவில்லை. அவன் சாகாவிட்டால் அது உனக்கு வந்தே இருக்காதே. கல் அவனைத்தான் பிடித்து நிறுத்தியது, உன்னை இல்லை. அது உறைத்தபிறகு, வேறு துணி ஏதாவது கிடைக்குமா என்று பீரோவைக் கவிழ்த்தே பார்த்துவிட்டேன். உன் கைக்குட்டை ஒன்று கூட இல்லை.

அவன் வந்துவிட்டான். வந்தான் என்றும் சொல்ல முடியாது, எப்போதும் இங்கேயே இருந்தவன் மாதிரிதான் இருக்கிறான். முன்தலையில் கொஞ்சம் வழுக்கை. லிஃப்ட் ரிப்பேர் வேலையாம், சட்டை முழுக்க கிரீஸ். ஈரத்துண்டைக் கட்டிலில் போடாதே என்று அப்பா அவனிடம் எரிந்து விழுகிறார், காலமெல்லாம் திட்டிப் பழகியவர் போல. உன் அறையில் அவனுடைய டூல் பெட்டி இருக்கிறது. உன்னைப் பற்றி அப்பாவிடம் சொல்லிப் பார்த்தேன். "ராத்திரி சரியாத் தூங்கலையா?" என்று என் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார்.

நூல் ஈரமாக இருக்கும்வரை பிரித்த முடிச்சைத் திரும்பப் போடலாம். காய்ந்தால் காய்ந்ததுதான். நேற்றிலிருந்து கிண்ணத்துத் தண்ணீரைத் தொட்டுத் தொட்டு நனைத்துக்கொண்டே இருக்கிறேன். முடிச்சுப் போட ஒரு நிமிஷம் ஆகாது. போட்டால் நீ வந்துவிடுவாய். அவன் மறுபடியும் மாடியிலிருந்து விழுவான், ஆறு வயதில்.

சற்றுமுன் அவன் உள்ளே வந்தான். என் கையைப் பிடித்து, "என்னம்மா, விரலெல்லாம் இப்படி ஊறிக் கெடக்கு, தண்ணியில அப்படி என்ன வேலை?" என்று கேட்டுவிட்டு, தன் துண்டால் ஒவ்வொரு விரலாகத் துடைத்துவிட்டான். அவன் கை சூடாக இருந்தது. கடைசியாக நான் தொட்டபோது அது ஜில்லென்று இருந்தது.

அவன் போனபிறகுதான் இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்தேன். அப்போதிருந்து நூலை நனைக்கவில்லை. கிண்ணம் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருக்கிறது. நனைக்க வேண்டும் என்று ஒவ்வொரு வரிக்கும் நினைக்கிறேன், நினைத்துக்கொண்டே அடுத்த வரியை எழுதப் போய்விடுகிறேன். நூல் காய்ந்து வெளுத்துக்கொண்டு வருகிறது.

இது கிடைத்ததும் பதில் போடு. நீயெல்லாம் ஒரு அம்மாவா என்று வாய்க்கு வந்தபடி திட்டி எழுது, நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். ஒரு வரி போதும். தபால்காரர் வரும் நேரத்துக்கு வாசலிலேயே நிற்பேன். வேளைக்குச் சாப்பிடு. நீ நூறு வயது இருக்க வேண்டும், என் தங்கமே.

இப்படிக்கு,
உன்னைப் பெற்ற அம்மா