உடைந்த இறங்குதுறையில் நீ நிற்கிறாய்

மாமி மகளாய்ப் பிறந்து, மனைவியாய் என்னோடு வாழ்ந்து, சொல்லாமல் போய்விட்ட என் ஹாஜறா மச்சிக்கு,

அல்லாஹ் உன் கபுறுக் குழியை விசாலமாக்கி வைப்பானாக.

இந்தக் கடிதத்தை மற்றவர்களும் வாசிப்பார்கள். ஆண்டு நினைவுக்கு இரண்டு வரி எழுதித் தாருங்கள் என்று ஊர்ச் சஞ்சிகைக்காரர் கேட்டார். இரண்டு வரியில் எனக்கு எதுவும் வராது என்பது உனக்குத் தெரியும். சந்தைக்குப் போகச் சொன்னாலே போகும் வழியை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்துக்கொண்டு புறப்படுபவன் நான். அதனால் சொல்லப்போவதை முதலில் இலக்கமிட்டு வைக்கிறேன்.

1. நீ நிறுத்திவிட்டுப் போன இடம்.
2. நீ போன பிறகு வீட்டிலும் ஊரிலும் நடப்பவை.
3. நீ கடைசியாகத் தேடியதை நீ காணவில்லை. அது அங்கே இருக்கவும் இல்லை.
4. காசிம் காக்காவுக்கு நான் சொல்லவேண்டிய பதில்.

முதலாவது. வாசிப்பவர்களுக்காகச் சிலவற்றை விளக்கவேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள். நம் மகன் சியாம் கட்டாருக்குப் போனபோது தன் கேம் பெட்டியை ரீவிக்குக் கீழே விட்டுவிட்டுப் போனான். உன் முழங்கால்கள் பழுதாகி, சந்திவரைகூட நடக்க முடியாமல் நீ இருந்த காலம் அது. ஒருநாள் தூசு துடைக்க அதைக் கையில் எடுத்தாய். பிறகு அது உன்னுடையதாகிவிட்டது.

உலகம் அழிந்த பிறகு நடக்கும் கேம். எரிந்த நகரங்கள், கவிழ்ந்த பஸ்கள், கடல் ஏறி இறங்கிய தெருக்கள். எந்தப் பக்கமும் நடக்கலாம், தடுக்க ஆளில்லை. தொடக்கத்திலேயே கையில் தோட்டா நிரப்பிய ஒரு துவக்கைக் கொடுத்து, மலையில் மாட்டிக்கொண்ட ஒரு பையனைக் காப்பாற்றச் சொல்கிறார்கள். நீ தலையில் துணி கட்டிய ஒரு பெண்ணை உன் ஆளாகத் தேடித் தெரிவுசெய்தாய். துவக்கைக் கீழே போட்டாய்.

“அந்தப் பொடியன்ட சண்டைய அவன் பாத்துக்குவான் மச்சான். நான் கொஞ்சம் நடந்துட்டு வாறன்” என்றாய்.

அப்படி நடக்கும்போதுதான், பாழடைந்த ஒரு பஸ் நிலையத்தின் மூலையில் துருப்பிடித்த இயந்திரமொன்று கண் சிமிட்டுவதைக் கண்டாய். கிட்டப் போய் அமுக்கினால், கேமுக்குள் இன்னொரு சின்னக் கேம்! கோழியொன்றை வாகனங்களுக்கு இடையே தெருவைக் கடக்கவைக்க வேண்டும். உலகமே முடிந்த இடத்தில் ஒரு கோழி. நீ சிரித்த சிரிப்புக்கு அடுப்பில் பால் பொங்கி வழிந்துவிட்டது.

சியாம் தொலைபேசியில் நம்பவில்லை. “உம்மா, அது செஞ்சவனுகள் பகிடிக்கு ஒளிச்சு வெச்சது. நான் அவ்வளவு காலம் விளையாடியும் ஒண்டத்தான் கண்ட. நீங்க எப்பிடிக் கண்டிங்க?”

“நீ சுட்டுக்கொண்டு ஓடின. நான் ஆறுதலா நடந்தன்” என்றாய்.

பிறகு ஒவ்வொன்றாக வந்தன. ஆஸ்பத்திரி நடைபாதையில் ஒட்சிசன் சிலிண்டரை உருட்டிப் போத்தல்களை விழுத்துவது. பள்ளிக்கூடக் கணினியில் மூட்டைகளுக்கு இடையே எலி ஓட்டுவது. கோபுரமொன்றில் வானொலியின் இரைச்சலைத் திருப்பித் திருப்பி ஒரு பாட்டாக்குவது. நான் அரசாங்கத்தில் நில அளவைப் படம் வரைந்து, பென்சனோடு இளைப்பாறியவன் அல்லவா? உன் பக்கத்தில் கதிரையைப் போட்டு, நீ நடந்த நிலத்தை வரைதாளில் கீறிக்கொண்டு இருந்தேன். நம் மகள் றிஸ்னா வந்து எட்டிப் பார்த்தால் அவளிடம் என்னைக் காட்டிக்கொடுப்பாய்.

“இஞ்ச பாரு மகள், உன்ட வாப்பா இல்லாத ஊருக்கு மெப் கீறுறார். இந்த ஊரில காணி வாங்கப் போறாராம்.”

அந்த இடிந்த வீடுகளை என்னால் நெடுநேரம் பார்க்க முடியவில்லை. சுனாமிக்குப் பிறகு நம் தெருவும் இப்படித்தானே கிடந்தது, அங்கே எந்த விளையாட்டு ஒளிந்திருந்தது என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். நீ திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “முகாமில புள்ளைகள் போத்தல் மூடிகளப் பொறுக்கி விளையாடினத மறந்துட்டிங்களா? நாம அழுதுகொண்டு இரிந்தம். அதுகள் தேடி எடுத்ததுகள்.”

கடல் பக்கம் ஒன்று இருப்பதாகச் சியாம் எங்கோ வாசித்துச் சொன்னான். அதிகம் பேர் காணாத ஒன்று. நீ கடற்கரையை நோக்கி நடக்கத் தொடங்கினாய்.

அன்று பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு நான் திரும்பியபோது ரிமோட்டை மடியில் வைத்தபடி சாய்ந்திருந்தாய். (கையில் பிடிக்கும் அந்தக் கருவியை நீ ரிமோட் என்றுதான் சொன்னாய். அதற்கு வேறு பெயர் இருக்கிறதாம். நான் மாற்றவில்லை.) “நெஞ்சு இறுகுது மச்சான்” என்றாய். ஆஸ்பத்திரி வாசலை அடையுமுன்னே உன் கை என் கைக்குள் பாரமாகிவிட்டது. வீட்டுக்குச் சனம் வரத் தொடங்கியதும் மருமகன் ஓடிப்போய் ரீவியை நிறுத்தினான்.

சில வாரங்கள் கழித்து அதைப் போட்டுப் பார்த்தேன். கடலுக்குள் நீண்ட, உடைந்த ஓர் இறங்குதுறையில் உன் ஆள் நின்றுகொண்டிருந்தாள். முதுகுதான் தெரிந்தது. தலைத்துணி காற்றில் ஆடியது. நான் ஏதும் அமுக்கவில்லை. அமுக்கினால் அவள் நடந்துவிடுவாள். நடந்தால், நீ கடைசியாக நின்ற இடம் அழிந்துபோகும். அவள் நிற்கட்டும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பல நாட்கள் அப்படியே.

இரண்டாவது. நம் ஊர் வழக்கத்தில் வீடு பெண்ணுடையது. உன் வாப்பா உனக்குக் கட்டித் தந்தார். நீ அதைச் சீதனமாக றிஸ்னாவுக்கு எழுதினாய். நான் இந்த வீட்டுக்கு வந்த மாப்பிள்ளை. கூட்டிவந்தவள் போன பிறகு மாப்பிள்ளைக்கு இங்கே என்ன உறவு? றிஸ்னா ஒரு குறையும் வைக்கவில்லை. என்றாலும் யன்னலைத் திறப்பதற்கு முன்னால் நான் அவளைக் கேட்டுவந்தேன். அவள் அதற்கு ஒருநாள் அழுதாள். அன்றிலிருந்து கேட்பதில்லை. யன்னலைத் திறப்பதுமில்லை.

கணவன் மௌத்தானால் பெண் இத்தா இருக்கிறாள். மாதக்கணக்கில் வெளியே இறங்காமல், அலங்காரம் இல்லாமல், யாரும் கேள்வி கேட்காமல் ஓர் அறைக்குள் இருக்கலாம். ஆணுக்கு அது இல்லை. எனக்கு இருந்திருந்தால் நல்லது என்று நினைத்தேன். இப்படி நினைப்பது பிழையோ என்று மௌலவியிடம் கேட்கவும் துணிவு வரவில்லை.

என்னிலும் மூத்தவரான காசிம் காக்காதான் அதைத் தெருவில் வைத்துச் சொன்னார். பள்ளிவாசலுக்கும் மீன் கடைக்கும் நடுவில், நாலு பேர் நிற்கும்போது.

“என்ன தம்பி, பொஞ்சாதி மௌத்தாகினா ஆம்பிளைக்கும் இத்தாவா? வூட்டுக்குள்ளேயே கிடக்கிறீங்க!”

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவர் என் தோளில் கையைப் போட்டு ஓரமாகக் கூட்டிக்கொண்டு போனார். “கேளுங்க. நாவிதன்வெளிப் பக்கம் ஒரு பொம்புள இரிக்கிறா. நல்ல மனிசி. வயலும் இரிக்கு, வூடும் இரிக்கு. நீங்க உடுப்பு பேக்கோட போய் இறங்கினாச் சரி. மகள்ட வூட்டில எவ்வளவு காலத்துக்குக் கிடக்கிற?”

இல்லை என்று சொல்ல எனக்கு வரவில்லை. எனக்கு அந்தச் சொல் எப்போது வந்திருக்கிறது? “ஒரு வேல முடிக்கக் கிடக்கு காக்கா. முடிச்சுட்டுச் சொல்றன்” என்றேன்.

“ஓம் ஓம், காணி அளக்கிற வேலையாக்கும். கெதியா முடிங்க” என்றார்.

காணி அளக்கிற வேலைதான். நீ தேடிய அந்தக் கடைசி விளையாட்டைக் கண்டுபிடிக்க வேண்டும். அது முடியும்வரை நான் உன் கணவன். எனக்கு ஒரு வேலை இருக்கிறது. அதற்குப் பிறகு நான் யார் என்பது காசிம் காக்காவின் கையில்.

மூன்றாவது. சியாமிடம் கேட்டேன். நீ நிற்கும் இடத்தைத் தொடாமல் வேறாக ஒரு பிரதி எடுத்து, அதில் நடக்கலாம் என்று பொறுமையாகச் சொல்லித் தந்தான். “பயப்படாதீங்க வாப்பா. உம்மா நிண்ட இடம் உம்மாக்குத்தான். நீங்க இதில நடங்க.” தொலைபேசியின் அந்தப் பக்கம் வாகனச் சத்தம் கேட்டது.

இறங்குதுறையை, அளவைக் கருவி நிறுத்தும் நிலையமாக வைத்து, கடற்கரையைக் கட்டங்களாகப் பிரித்தேன். ஒவ்வொரு கட்டமாக நடந்தேன். என் ஆள் சுவரில் முட்டினாள், குழியில் விழுந்தாள், நாய்கள் கடித்துச் செத்தாள். செத்தால் மறுபடி உன் இடத்தில்தான் எழும்புவாள். அங்கிருந்து திரும்பி மறுபடி நடப்பேன். வெளிச்சவீடு, ஐஸ் தொழிற்சாலை, கவிழ்ந்த வள்ளங்களின் அடிப்பக்கம், மணலில் புதைந்த கடைகள் என்று ஒன்றையும் விடவில்லை. பார்த்த கட்டத்தைப் பென்சிலால் நிழலிட்டேன். தாள் முழுக்கக் கறுத்தது. ஒன்றும் இல்லை.

ஆகவே நான் வந்த முடிவு இது. சியாம் வாசித்தது பொய்த் தகவல். நீ இல்லாத ஒன்றைத் தேடிக்கொண்டிருந்தபோதே உன் நேரம் முடிந்துவிட்டது. நாம் எல்லாரும் அப்படித்தான் முடிகிறோம் என்றும் தோன்றுகிறது. இதற்கு மேல் எழுத என்னிடம் ஆறுதல் இல்லை, மச்சி.

இந்த இடத்தில் நான் கடிதத்தை நிறுத்தவேண்டி வந்தது. முதலாவது குறிப்பில் நீ நின்ற இடத்தை ஒழுங்காக விவரிக்கவில்லையே என்று தோன்றியது. பலகை உடைந்த இறங்குதுறை, ஒரு விளக்குக் கம்பம், அதற்குக் கீழே இரண்டு கதிரைகள், நடுவில் ஒரு பெட்டி. பெட்டி என்ன பெட்டி? மீன் பெட்டியா, மரப்பெட்டியா? எத்தனையோ முறை அங்கிருந்து புறப்பட்டவனுக்கு அது தெரியவில்லை. எழும்பிப் போய்க் கேம் பெட்டியைப் போட்டேன்.

அளவைத் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. கருவியை நிறுத்திய இடத்திலிருந்து நாலு பக்கமும் அளப்போம். கருவி நிற்கும் அந்தப் புள்ளியை யாரும் ஆராய்வதில்லை. படத்தில் அது ஒரு சின்ன முக்கோணம், அவ்வளவுதான். நானும் ஒவ்வொரு முறையும் அவளைக் கரைப் பக்கம் திருப்பிக்கொண்டே புறப்பட்டிருக்கிறேன். நீ பார்த்துக்கொண்டு நின்ற பக்கம் பார்க்கவேயில்லை.

இம்முறை திருப்பவில்லை. பிரதியில் ஓர் அடி முன்னால் வைத்தேன். கதிரைக்கு மேல் சின்ன எழுத்தில் ‘உட்கார்’ என்று வந்தது.

உட்கார்ந்தாள். நடுவிலிருந்த பெட்டி ஒரு கப்பிச் சக்கரமாக விரிந்தது. கடலுக்குள் இறங்கும் ஒரு வலை, அதற்கு இரண்டு கயிறுகள். இரண்டு பேர் ஆளுக்கொரு கயிற்றை ஒரே வேகத்தில் இழுக்கவேண்டும். ஒருவர் முந்தினால் அறுந்துவிடும். திரையின் கீழே ஆங்கிலத்தில், இரண்டாவது ஆளுக்காகக் காத்திருப்பதாக எழுதியிருந்தது. ஆட்டக்காரர்களின் பெயர்கள் ஏற்கெனவே பதியப்பட்டிருந்தன. முதல் இடத்தில் ஹாஜறா. இரண்டாம் இடத்தில் ஆங்கில எழுத்தில், மச்சான்.

நான் கூப்பிட்டேனோ, கத்தினேனோ தெரியாது. றிஸ்னா கையில் மாவோடு ஓடிவந்தாள். அவளுக்குக் காட்டினேன். அவள் நெடுநேரம் பார்த்தாள். பிறகு உன் அலுமாரியைத் திறந்து, சாரிகளுக்குக் கீழேயிருந்து இன்னொரு ரிமோட்டை எடுத்துவந்தாள்.

“இது உம்மா கேட்டுச் சியாம் காக்கா அனுப்பின. வாப்பா தொட்டாப் பழுதாக்கிப் போடுவார், ஆறுதலாப் பழக்கி எடுக்கணும் எண்டு சொல்லிச் சிரிச்சாங்க. எதுக்கெண்டு சொல்லல்ல.”

வலது கையில் உன் ரிமோட், இடது கையில் என்னுடையது. இழுத்தேன். உன் கயிறு அறுந்தது. மறுபடி இழுத்தேன், என்னுடையது அறுந்தது. இரண்டு கையும் ஒருவனுடையதாக இருந்தும் ஒரே வேகம் வரவில்லை. றிஸ்னா “நான் ஒண்டப் புடிக்கட்டா வாப்பா?” என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். அவள் முகம் சுருங்கிப் போனது. அந்த வலையில் என்ன ஏறும் என்று எனக்குத் தெரியாது. தெரியப்போவதுமில்லை.

கண்டுபிடித்துவிட்டால் மனம் ஆறும் என்று எண்ணியிருந்தேன். ஆறவில்லை. தேடும்வரை நீ எங்கோ எனக்கு முன்னால் நடந்துகொண்டிருந்தாய். இப்போது தேட ஒன்றுமில்லை. வேலை முடிந்துவிட்டது, மச்சி. இனி எந்தக் கதவைத் திறந்து எதைப் பார்ப்பேன்? நீ ஏன் அன்றைக்கு நான் தொழப் போகுமுன்பே இதைச் சொல்லவில்லை?

நான்காவது. இன்று காசிம் காக்கா வாசல் படலையில் நின்று கூப்பிடுகிறார். சிறிது நேரத்தில் இறங்கிப் போவேன். இந்த முறை முடித்துவிட்டுச் சொல்கிறேன் என்று சொல்லமாட்டேன். இல்லை என்று சொல்வேன். அவர் சிரித்தால் நான் கூடச் சேர்ந்து சிரிக்கமாட்டேன். இதை உனக்கு வாக்காகத் தருகிறேன். குரல் நடுங்கும், அதற்கு நீ பொறுப்பு.

முடிக்குமுன் ஒன்று. மூன்றாவது குறிப்பு பிழை. அது அங்கே இருந்தது. நீ கண்டுபிடித்திருந்தாய். எங்கள் அலுவலகத்தில் பிழையான கோட்டைச் சுரண்டி அழிக்க விடமாட்டார்கள். அதன் மேல் மெல்லிய கோடொன்று கீறி, பக்கத்தில் திருத்தியவர் பெயரை வைக்கவேண்டும். அப்படியே செய்கிறேன்.

உன் மாமன் மகன்,
இரண்டாம் இடத்தில் நீ எழுதிவைத்த
மச்சான்